சாத்பாரா போட்ட ஓட்டை

சூரிய ஒளியிலிருந்து மின்சாரம் வருகிறது என்று பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் முதல் மந்திரிகள் வரை எல்லோரும் நம்பிக்கொண்டிருக்கிறார்கள். சுத்தப் பொய். மகாராஷ்டிரத்தில் நான் வேலை பார்த்த அத்தனை சோலார் மின் நிலையங்களுக்கும் மின்சாரம் வந்தது சாத்பாரா என்கிற ஒரு மனிதரின் வயிற்றிலிருந்து. அவர் உட்கார்ந்து சாப்பிடாத நிலத்தில் ஒரு பேனல்கூட உருப்படியாக நின்றதில்லை. நின்ற ஒன்றிரண்டும் அடுத்த மழையில் சாய்ந்தன. இதை யார் வந்து மறுத்தாலும் சரி, நான் சண்டைக்குத் தயார்.

முதலில் என்னைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். கோயம்புத்தூர்க்காரி, எலெக்ட்ரிகல் இன்ஜினியர், புனேயில் பதினாறு வருடம். வீடு மகர்பட்டாவில், ஆபீஸ் கராடியில். இரண்டுக்கும் நடுவில் ஓர் ஆறு, ஒரு பாலம், பாலத்தின்மேல் நகராத வண்டிகள். ஒன்பதாவது மாடியில் ஏ.சி. குளிர் தாங்காமல் சால்வை போர்த்திக்கொண்டு, எங்கோ கொளுத்துகிற வெயிலுக்குத் திட்டம் போடுவதுதான் எங்கள் கம்பெனியின் தொழில். அதில் வடிவமைப்புப் பிரிவுக்கு நான் தலைவி.

சோலார் திட்டம் என்றால் வெயிலும் பேனலும்தான் என்று நினைப்பீர்கள். வெயில் இலவசம். பேனல் கப்பலில் வந்து இறங்கிவிடும். நிலம்தான் வராது. ஐநூறு ஏக்கர் ஒரே இடத்தில் வேண்டும். ஐநூறு ஏக்கருக்கு நூறு குடும்பம். ஒரு குடும்பத்துக்கு ஒன்பது வாரிசு. ஒன்பதில் இரண்டு பேர் பேசிக்கொள்ள மாட்டார்கள், ஒருவர் மும்பையில் இருப்பார், ஒருவர் செத்துப் பதினைந்து வருடமாகியும் காகிதத்தில் நல்ல சுகத்தோடு இருப்பார். இவர்கள் எல்லோரும் சம்மதித்துக் குத்தகைப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டால்தான் நான் ஒரு கோடு வரைய முடியும்.

நம் ஊரில் சிட்டா, அடங்கல் என்கிறோமே, அங்கே அதற்குச் சாத்பாரா என்று பெயர். சாத் என்றால் ஏழு, பாரா என்றால் பன்னிரண்டு; ஏழாம் படிவமும் பன்னிரண்டாம் படிவமும் சேர்ந்த காகிதம். நிலம் யாருடையது, என்ன விளைகிறது, கிணற்றில் யாருக்குப் பங்கு என்று நிலத்தின் ஜாதகமே அதில் இருக்கும். அந்தக் காகிதத்தை வாசித்து, நேரில் போய்ப் பார்த்து, 'இந்த நிலத்தை எடுக்கலாம்' என்று அறிக்கையில் கையெழுத்துப் போடுவதற்கென்றே எங்களிடம் ஒருவர் இருந்தார். அதனால் அவரும் சாத்பாரா ஆனார். வாட்ச்மேன் முதல் டைரக்டர் வரை அப்படித்தான் கூப்பிட்டோம்.

ஆள் குள்ளம், என்னைவிட ஐந்து வயது சின்னவர். புனேயில் கட்கி வெடிமருந்துத் தொழிற்சாலை வேலைக்காக ஆரணிப் பக்கத்திலிருந்து மூன்று தலைமுறைக்கு முன்னால் வந்த குடும்பம். ஒரே வாக்கியத்தில் தமிழில் ஏறி, மராத்தியில் இறங்கி, நடுவில் இந்தியில் சில்லறை மாற்றிக்கொள்வார். நான் அவருக்கு மேலதிகாரி. ஆபீஸில் அத்தனை பேரும் 'மேடம்' என்பார்கள். இவர் மட்டும் முதல் நாளே 'அக்கா' என்றார். திருத்திப் பார்த்தேன். 'ஆமா அக்கா, சரி அக்கா, இனிமே மேடம்னே சொல்றேன் அக்கா' என்றார். விட்டுவிட்டேன்.

மற்றவர்கள் முதுகுப்பையில் லேப்டாப் வைத்திருப்பார்கள். இவர் பையில் ஒரு எவர்சில்வர் தட்டும் டம்ளரும் இருக்கும். எந்த நிலத்தைப் பார்க்கப் போனாலும் அந்த நிலத்துக்காரர் வீட்டில் ஒருவேளை உட்கார்ந்து சாப்பிடாமல் கையெழுத்துப் போடமாட்டார். அதுதான் அவர் வைத்த சட்டம். ஐநூறு ஏக்கரில் நூறு வீடு என்றால் நூறு வீட்டிலும் சாப்பிடுவார்.

"ஏனுங்க, தட்டை எதுக்குங்க தூக்கிட்டுத் திரியறீங்க? அவங்க வீட்டுல தட்டு இருக்காதா?" என்று ஒருநாள் கேட்டேன்.

"இருக்கும் அக்கா. எத்தினி இருக்கும்னு நமக்குத் தெரியுமா? நான் போய் குந்திகினா அந்த வூட்டுக் கொயந்த தட்டில்லாம நிக்கும்."

"அது சரி. சாப்பிடாம வேலை நடக்காதா?"

"ஆபீஸ்ல கேட்டா எல்லாரும் காகிதத்தக் காட்டுவாங்க அக்கா. வூட்ல குந்தி துன்னாத்தான், ஆரு பரிமார்றாங்க, ஆரு வாசல்ல நிக்கறாங்க, ஆரு பேரச் சொன்னா பேச்சு கப்புனு நிக்குதுன்னு தெரியும். சோத்துக்கு முன்னால பொய் சொல்றது கஷ்டம். டென்ஷன் நக்கோ அக்கா."

'நக்கோ' என்றால் வேண்டாம் என்று அர்த்தம். எனக்கு டென்ஷன் கொடுத்துக்கொண்டே டென்ஷன் நக்கோ என்பார்.

அவர் அறிக்கைகளை நீங்கள் படித்திருக்கவேண்டும். ஆங்கிலத்தில்தான் எழுதுவார். தமிழில் சொன்னால் இப்படி வரும்: 'சர்வே எண் 48. சோள ரொட்டி, தேச்சா என்கிற பச்சைமிளகாய்த் துவையல், வெங்காயம். ரொட்டி கெட்டி. கிணற்றுத் தண்ணீர் உப்பு. தம்பி பெயரைச் சொன்னதும் வீட்டுக்காரர் மாட்டைப் பார்க்கவேண்டும் என்று எழுந்து போனார். மாடு கட்டிய இடத்திலேயேதான் இருந்தது. தம்பியை விசாரிக்கவேண்டும்.' கீழே ஒரு கையெழுத்து, மழைக்காலத்துப் புழு நெளிவதுபோல. எங்கள் டைரக்டர் டில்லிக்காரர், இஸ்திரி மடிப்பு கலையாத மனிதர். அதைப் படித்துவிட்டு, "இது நில அறிக்கையா, ஹோட்டல் விமர்சனமா?" என்று என்னிடம் எகிறினார். நான் சாத்பாராவிடம் எகிறினேன். சாத்பாரா யாரிடமும் எகிறவில்லை. அடுத்த அறிக்கையில் 'வாழைப்பழம் ஒன்று' என்று கூடுதலாக ஒரு வரி சேர்த்திருந்தார்.

லாத்தூர் பக்கம் ஒரு நிலம். டிரோன் பறந்தது, கம்ப்யூட்டர் கணக்குப் போட்டது, வெள்ள ஆய்வுக்காரர்கள் கெட்டி அட்டை போட்ட புத்தகமே கொடுத்தார்கள். தண்ணீர் தேங்க வாய்ப்பே இல்லை என்றது புத்தகம். சாத்பாராவின் அறிக்கை நாலே வரி: 'பருப்பு, சோறு, ஊறுகாய். இந்த மூலையில் உள்ள மூன்று வீட்டிலும் தானிய மூட்டையை இடுப்புயரக் கல்மேல் வைத்திருக்கிறார்கள். யாரும் வேலையில்லாமல் கல் தூக்கமாட்டார்கள். இங்கே தண்ணீர் வரும்.' கூட்டத்தில் இதை வாசித்தபோது எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தோம். அதிகம் சிரித்தது நான். செப்டம்பரில் வந்தது பாருங்கள் மழை! அந்த மூலையில் இறக்கி வைத்திருந்த கேபிள் உருளைகளில் இரண்டு எங்களிடம் சொல்லிக்கொள்ளாமல் அடுத்த கிராமத்துக்குப் போய்விட்டன. ஒன்றைக் கரும்புத் தோட்டத்தில் கண்டுபிடித்தோம். இன்னொன்றைக் கடைசிவரை காணோம்.

இன்னொரு தடவை மூன்று நாள் ஆளையே காணவில்லை. போன் எடுக்கவில்லை. நான்காம் நாள் யாரோ ஒரு போட்டோ அனுப்பினார்கள். ஒரு கல்யாண மேடை. மாப்பிள்ளை, பெண், நடுவில் தலைப்பாகை கட்டிக்கொண்டு சாத்பாரா. எனக்கு வந்த கோபத்துக்கு அளவே இல்லை. 'பணி நேரத்தில் திருமணத்தில் கலந்துகொண்டதற்கு விளக்கம் தேவை' என்று மெமோ அனுப்பினேன். பதில் வந்தது: 'மணப்பெண்ணின் பெயர் நிலத்தில் இருக்கிறது. கல்யாணத்துக்குப் போகாதவனுக்குக் கையெழுத்து எப்படிப் போடுவாள்? ஸ்ரீகண்ட் என்கிற தயிர் இனிப்பு நன்றாக இருந்தது.' அந்தப் பெண் மறுவாரமே கையெழுத்துப் போட்டுக்கொடுத்தாள். என் மெமோவைக் கிழித்துப் போட்டுவிட்டு, எதுவும் நடக்காததுபோல இருந்துகொண்டேன்.

இதெல்லாம் சில்லறை. கதைக்கு வருகிறேன். சோலாப்பூர் சாலையில் நாலு மணி நேரம் போய் உள்ளே இறங்கினால் ஒரு வறண்ட கிராமம். அங்கேதான் எங்கள் கம்பெனி அதுவரை செய்ததிலேயே பெரிய திட்டம். ஏலத்தில் ஜெயித்தாகிவிட்டது. குறித்த தேதிக்குள் மின்சாரம் கொடுக்காவிட்டால் அபராதம். கராடியில் உட்கார்ந்து நான் ஓர் அட்டவணை போட்டேன். எந்த நாளில் எந்த வேலை என்று கலர் கலராக, ஒரு நாள்கூட வீணாகாமல். பேனல் தாங்கும் தூண்கள் மண்ணில் உறுதியாக நிற்குமா என்று துளை போட்டுப் பார்க்கவேண்டும். அதற்கு ஆகஸ்டில் ஒரு நல்ல நாளாகப் பார்த்துக் குறித்தேன்.

அன்றைக்கு நாகபஞ்சமி! அந்தச் சீமையில் நாகபஞ்சமியன்று யாரும் மண்ணில் இரும்பு வைக்கமாட்டார்கள். ஏர் கிடையாது, மண்வெட்டி கிடையாது, அடுப்படியில் கத்தி, தோசைக்கல்கூடத் தொடமாட்டார்கள். மண்ணுக்குள் இருக்கிற நாகத்துக்கு அடிபட்டுவிடுமாம். அந்த நாளாகப் பார்த்து நான் துளை போடும் ராட்சத இயந்திரத்தை அனுப்பி வைத்திருக்கிறேன். ஊர் மொத்தமும் திரண்டு வந்து இயந்திரத்துக்கு முன்னால் உட்கார்ந்துவிட்டது. ஓட்டுநர் எனக்குப் போன் போட்டு அழுதார்.

"இன்னா அக்கா, காலண்டர்ல ஒரு தபா பாக்கக் கூடாதா?" என்றார் சாத்பாரா. "நான் போறேன். போய் கும்புடு போட்டு, துன்னுட்டு வரேன்."

போனார். நிலத்தின் நட்டநடுவில் பன்னிரண்டு ஏக்கர் வைத்திருந்த அண்ணன் தம்பி இரண்டு பேர்தான் ஊரைக் கூட்டியவர்கள். அவர்களிடம் மன்னிப்புக் கேட்டு, அண்ணன் வீட்டிலேயே சாப்பிட்டுவிட்டு வந்தார். மறுநாள் இயந்திரம் ஓடியது. நான் நிம்மதியாக மூச்சு விடுவதற்குள் அவர் அறிக்கை வந்தது.

'நாகபஞ்சமி. ஊரில் எல்லா வீட்டிலும் கட்டிக்கொடுத்த பெண்கள் பிறந்த வீட்டுக்கு வந்து ஊஞ்சல் ஆடுகிறார்கள். இந்த வீட்டில் யாரும் ஆடவில்லை. இன்று தின்பதற்குத் திண்ட், பூரணம் வைத்து ஆவியில் வேகவைத்தது. மூன்று தட்டில் வைத்தார்கள். சாப்பிட்டது அண்ணன், தம்பி. எனக்கு என் தட்டில் தனியாக வைத்தார்கள். மூன்றாவது தட்டு யாருக்கு என்று கேட்டேன். பேச்சு நின்றுவிட்டது. திண்ட் மூன்று பங்கு. நிலம் இரண்டு பங்கு. கையெழுத்துப் போட முடியாது.'

எனக்குத் தலை சுற்றியது. சாத்பாரா காகிதத்தில் இரண்டு பேர்தான் இருந்தார்கள். வக்கீல் பார்த்துச் சரி என்று எழுதிவிட்டார். இவர் கையெழுத்து ஒன்றுதான் பாக்கி. அதில்லாமல் வங்கிக்கு ஃபைல் போகாது. டைரக்டர் என்னைக் கூப்பிட்டு, "வெள்ளிக்கிழமைக்குள் அவன் கையெழுத்து வரவேண்டும். இல்லாவிட்டால் அவன் போகவேண்டும்" என்றார். நான் நேராகப் போய்ச் சாத்பாராவின் மேஜைமேல் ஃபைலைப் போட்டேன்.

"ஏனுங்க, விளையாடறீங்களா? ஒரு கொழுக்கட்டைக்காக இத்தனை பெரிய பிராஜெக்டை நிறுத்துவீங்களா?"

"அவுங்களுக்கு ஒரு தங்கச்சி கீது அக்கா. அண்ணங்காரன் பொண்டாட்டி தண்ணி ஊத்தறப்ப, காதுல மெதுவா, புனேல நிக்டின்னு மட்டும் சொன்னாங்க. அப்பா செத்தப்ப ரெண்டே பசங்கன்னு எழுதிக் குடுத்துட்டாங்க."

"பேப்பர்லயே இல்லாத பொம்பளைக்கு நாம என்னங்க பண்றது?"

"பேப்பர்ல இல்லன்னா ஆளே இல்லயா அக்கா?"

"எனக்கு அதெல்லாம் தெரியாதுங்க. வெள்ளிக்கிழமைக்குள்ள கையெழுத்து வேணும். இல்லைன்னா வேலை போயிரும், சொல்லிட்டேன்."

"சரி. ஒண்ணு பண்ணுங்க. நாளைக்கு மத்தியானம் எங்கூட நிக்டி வாங்க. அந்தம்மா வூட்ல துன்னுங்க. துன்னுட்டு, கையெழுத்துப் போடுன்னு நீங்களே சொன்னா, தோ, இங்கியே போடறேன்."

சவால் என்றால் எனக்கு ஆகாது. போனேன். தொழிற்சாலை ஊழியர்கள் குடியிருக்கும் காலனி, இரண்டாவது மாடி. அந்தத் தங்கை, கௌசல்யா பாய்க்கு ஐம்பத்தைந்து வயதிருக்கும். மூக்குக்கண்ணாடி, கையில் மாவு. கணவர் கம்பெனி வேலைக்குப் போயிருந்தார். சாத்பாரா ஏற்கெனவே ஒருமுறை வந்து சாப்பிட்டுவிட்டுப் போயிருக்கிறார் போலும், கேட்காமலேயே அந்த அம்மா பலகை போட்டார். ரொட்டி சூடாக வந்துகொண்டே இருந்தது. நான் இரண்டோடு நிறுத்தப் பார்த்தேன். மூன்றாவது தானாக வந்து விழுந்தது.

நான் வந்த விஷயத்தை எடுத்தேன். உங்களுக்கு எவ்வளவு வேண்டும் என்கிற மாதிரி ஏதோ கேட்டுவைத்தேன். அவ்வளவுதான், ரொட்டி தட்டுவதை நிறுத்திவிட்டுத் திரும்பினார். அவர் பேசியது மராத்தி. தமிழில் தருகிறேன், சூடு கொஞ்சம் ஆறியிருக்கும்.

"நிலம் வேணும்னு நான் எப்பக் கேட்டேன்? அப்பா செத்தப்ப என்னைக் கேட்டிருந்தா, இந்தா எடுத்துக்கங்கடான்னு எழுதிக் குடுத்திருப்பேன். கேக்கலையே! எங்கப்பாவுக்கு ரெண்டே பிள்ளைன்னு ஆபீஸ்ல எழுதிக் குடுத்துட்டு வந்தாங்க. அப்ப நான் யாரு? அந்த மண்ணுல கல்யாணம் வரைக்கும் களை எடுத்தவ யாரு? வருஷா வருஷம் பஞ்சமிக்கு வா வான்னு அண்ணி கூப்பிடறா. காகிதத்துல பொறக்காதவ பொறந்த வீட்டுக்கு எப்படி வருவா? எனக்கு ஒண்ணும் வேணாம். என் பேர் வேணும்."

கையில் எடுத்த ரொட்டியைத் தட்டிலேயே வைத்துவிட்டேன். ஏன் என்று சொல்லிவிடுகிறேன், மறைக்க என்ன இருக்கிறது. சூலூரில் எங்கள் அப்பாவின் தோப்பில் எனக்குப் பங்கு வேண்டாம் என்று எழுதித் தரச்சொல்லி என் அண்ணன் கேட்டான். முடியாது என்றேன். ஆறு வருடமாக அவன் என்னோடு பேசுவதில்லை. எனக்கு அதில் ஒரு கர்வம்கூட உண்டு. அப்பேர்ப்பட்ட நான், இன்னொருத்தி பெயர் காகிதத்தில் இல்லை என்று தெரிந்தும், வெள்ளிக்கிழமைக்குள் கையெழுத்துக் கேட்டுக்கொண்டு அவர் வீட்டு ரொட்டியையே தின்றுகொண்டிருக்கிறேன். வெட்கமாக இருந்தது. திரும்பும்போது காரில் சாத்பாரா ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்டிருந்தால் அடித்திருப்பேன்.

வெள்ளிக்கிழமை கூட்டம். டைரக்டர், வக்கீல், நான், சாத்பாரா.

"காகிதம் சுத்தமாக இருக்கிறது. காகிதத்தில் இரண்டு பேர். உனக்கு என்ன பிரச்சினை?" என்றார் டைரக்டர்.

"அந்தக் காகிதத்த எழுதினவன் அந்த வீட்டுல சாப்பிடல சார்" என்றார் சாத்பாரா இந்தியில்.

"கடைசியாகக் கேட்கிறேன். கையெழுத்துப் போடுவாயா, மாட்டாயா?"

சாத்பாரா ஃபைலை வாங்கினார். பேனாவைத் திறந்தார். டைரக்டர் முகத்தில் சிரிப்பு வந்தது. 'கையெழுத்துப் போட மறுக்கிறேன். காரணம்: மூன்றாவது தட்டு' என்று எழுதி, அதன் கீழே, அதுவரை போட்டதிலேயே பெரிதாக, அந்தப் புழுக் கையெழுத்தைப் போட்டார். போடமாட்டேன் என்பதற்குக் கையெழுத்துப் போட்ட ஒரே மனிதர் உலகத்தில் அவராகத்தான் இருக்கும்.

நான் எழுந்து என் இடத்துக்கு வந்தேன். மின் நிலையத்தின் மொத்த வரைபடத்தையும் திறந்தேன். அந்தப் பன்னிரண்டு ஏக்கரில் இருந்த பேனல்களை வரிசை வரிசையாக அழித்தேன். கேபிளைச் சுற்றிக்கொண்டு போகவிட்டேன். ஐநூறு ஏக்கருக்கு நட்டநடுவில் வெள்ளையாக ஒரு சதுரம். 'நடுவில் உள்ள நிலத்தில் ஒரு வாரிசின் பெயர் விடுபட்டுள்ளது' என்று ஓரத்தில் எழுதி வங்கிக்கு அனுப்பினேன். டைரக்டருக்கு நகல்.

ஐந்தாவது நிமிடம் அவர் என் முன்னால் நின்றார். "என்ன ஓட்டை இது?"

"சாத்பாரா போட்டது சார். நான் வரைஞ்சேன், அவ்வளவுதான்."

"எடு அதை."

"எடுக்கமாட்டேன் சார். வேணும்னா வேற ஆளை வெச்சு வரைஞ்சுக்கங்க."

வேறு ஆள் இல்லை என்பது அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். சப்ஸ்டேஷன் முழுக்க என் தலையில் இருந்தது. வங்கியின் வக்கீல் அந்த ஒரு வரியைப் பார்த்ததுமே, அந்தப் பன்னிரண்டு ஏக்கருக்குக் கடன் கிடையாது என்று எழுதிவிட்டார். ஓட்டை ஓட்டையாகவே நின்றது.

என்னை ஒன்றும் செய்ய முடியவில்லை. சாத்பாராவைச் செய்ய முடிந்தது. அவர் ஒப்பந்த ஊழியர், ஆள் அனுப்பும் ஏஜென்சிக்கு ஒரு போன் போதும். திங்கட்கிழமை வந்து தட்டையும் டம்ளரையும் எடுத்துப் பையில் போட்டுக்கொண்டார். "டென்ஷன் நக்கோ அக்கா" என்றார். நான் டைரக்டர் அறைக்குள் போய்க் கத்தியது எட்டாவது மாடிக்குக் கேட்டதாம். ஆனால் ராஜினாமா செய்யவில்லை. பயம்தான், வேறொன்றுமில்லை.

பிறகு நடந்தது வேடிக்கை. சுற்றியிருந்த எல்லோர் நிலத்திலும் வேலை ஆரம்பித்தது. அண்ணன் தம்பி நிலம் மட்டும் குத்தகைப் பணம் வராமல் அப்படியே கிடந்தது. நாலு மாதம் பொறுத்துப் பார்த்தார்கள். ஐந்தாவது மாதம் இரண்டு பேரும் நிக்டியில் தங்கை வீட்டு வாசலில் நின்றார்கள். கௌசல்யா பாய் அவர்களை உட்காரக்கூடச் சொல்லவில்லையாம். "முதல்ல என் பேரை எழுதிட்டு வாங்க, அப்புறம் உட்காரலாம்" என்றாராம். தாலுகா ஆபீஸுக்கு அலைந்தார்கள். வேலை போன சாத்பாரா, யாரும் கூப்பிடாமலேயே, கட்கியிலிருந்து பஸ் பிடித்துப் போய் அந்த அம்மாவுக்காக வரிசையில் நின்றிருக்கிறார். ஒருமுறை இரண்டுமுறை இல்லை, ஐந்துமுறை. ஒருநாள் எனக்குப் போன் வந்தது.

"அக்கா, பேரு ஏறிடுச்சு. மூணாவது வரி. நானே படிச்சிப் பாத்தேன்." மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. நானும் ஏதோ தும்மல் வந்ததுபோல நடித்தேன்.

டைரக்டருக்கு ஒரே குஷி. மூவரும் கையெழுத்துப் போட்டால் ஓட்டை அடைந்துவிடும் என்று கணக்குப் போட்டார். அண்ணன் தம்பி போட்டார்கள். கௌசல்யா பாய் தன் நாலு ஏக்கரைப் பிரித்து வாங்கிக்கொண்டு, தரமாட்டேன் என்றுவிட்டார். அடுத்த பருவத்தில் அங்கே சோளம் விதைத்தார். நாலு பக்கமும் பளபளவென்று பேனல்கள், நடுவில் பச்சைப்பசேலென்று ஆளுயரச் சோளம். அவர் டிராக்டர் போய்வர எங்கள் வேலியில் தனி கேட்! சோளம் வளர்ந்து அதன் நிழல் எங்கள் முதல் வரிசைப் பேனல்மேல் விழுந்தது. நிழல் விழுந்தால் மின்சாரம் குறையும். நானே நேரில் போய், ஓரத்துப் பயிரைக் கொஞ்சம் வெட்டிக்கொள்ளலாமா என்று பணிவாகக் கேட்டேன்.

இடுப்பில் கை வைத்துக்கொண்டு என்னை ஏற இறங்கப் பார்த்தார். "சோளத்துக்குக் கால் இல்ல. உன் பேனலை நகர்த்து" என்றார்.

நகர்த்தினோம்.

திறப்பு விழாவுக்கு வந்த பெரிய மனிதர் மேடையிலிருந்து எட்டிப் பார்த்து, "நடுவில் அது என்ன வயல்?" என்று கேட்டார். எங்கள் டைரக்டர் கண் இமைக்காமல், "விவசாயமும் சூரிய மின்சாரமும் கைகோத்து நிற்கும் எங்கள் முன்மாதிரித் திட்டம்" என்றார்! கைதட்டல் அடங்க வெகுநேரம் ஆனது. அந்த வருடக் கம்பெனி காலண்டரில், கையில் அரிவாளோடு முறைத்துக்கொண்டு நிற்கிறார் கௌசல்யா பாய். நாகபஞ்சமிக்கு அண்ணன் வீட்டுக்குப் போய் ஊஞ்சலும் ஆடினார் என்று கேள்விப்பட்டேன்.

போன மாதம் ஹைதராபாதிலிருந்து ஒரு போன். இன்னொரு சோலார் கம்பெனியின் மனிதவளப் பிரிவிலிருந்து ஒரு பெண் பேசினார். "மேடம், உங்களிடம் வேலை பார்த்த தீர்த்தகிரி என்பவரைப் பற்றி விசாரிக்கவேண்டும்."

"தீர்த்தகிரியா? அப்படி யாரும் எங்ககிட்ட வேலை பாக்கலீங்களே."

"நிலப் பிரிவில் ஆறு வருடம் இருந்ததாக..."

"இல்லைம்மா. யாரோ பொய் சொல்லியிருக்காங்க" என்று வைத்துவிட்டேன்.

டீ வந்தது. பாதி குடித்தேன். டம்ளர் கையிலேயே நின்றுவிட்டது. அலறியடித்துக்கொண்டு அந்த எண்ணுக்கே திரும்பப் போட்டேன்.

"அம்மா, அந்த ஆள் ஏதாவது மாதிரி அறிக்கை கொடுத்திருக்காரா? அதுல சாப்பாடு பத்தி இருக்குதா?"

"ஆமாம் மேடம். தேச்சாவில் உப்பு அதிகம் என்று எழுதியிருக்கிறார். எங்களுக்கும் புரியவில்லை."

"அவரேதான்! என் தப்புங்க, மன்னிச்சுக்கங்க. கேளுங்க, என்ன வேணும்னாலும் கேளுங்க."

"சொன்ன பேச்சைக் கேட்பாரா?"

"கேக்கமாட்டார்."

"சொன்ன தேதியில் முடிப்பாரா?"

"வாய்ப்பே இல்லை."

"பிறகு எதற்காக மேடம் அவரை எடுக்கவேண்டும்?"

"அவர் கையெழுத்துப் போட்ட நிலத்துல நீங்க கண்ணை மூடிட்டுத் தூங்கலாம், அதுக்குத்தான். உங்களுக்கு வேண்டாம்னா எனக்குச் சொல்லுங்க. நானே போய்க் கூட்டிட்டு வர்றேன்."

எடுத்துக்கொண்டார்கள். ஆனால் அன்று முழுக்க எனக்கு வேலை ஓடவில்லை. ஒரு பெண்ணின் பெயர் காகிதத்தில் ஏறுவதற்காக வேலையை இழந்த மனிதர். ஆறு வருடம் என் முன்னால் உட்கார்ந்திருந்தார். அவர் பெயர் எனக்குத் தெரியவில்லை. ஏஜென்சி அனுப்பும் சம்பளப் பட்டியலில் எத்தனை தடவை வந்திருக்கும், ஒரு தடவைகூட நான் படித்ததில்லை.

மு. தீர்த்தகிரி, கட்கி, புனே. இதோ எழுதிவிட்டேன், தம்பி. இனி யாரும் இந்தப் பெயரை அடிக்க முடியாது.